குரலை இரவல் கொடுத்தவர்

வேளாங்கண்ணிக்கு நீங்கள் போயிருக்கலாம். ஆகஸ்டு 29-ந் தேதி கொடி ஏறி, செப்டம்பர் 8-ந் தேதி மாதாவின் பிறந்த நாளோடு முடிகிற திருவிழா நாட்களில் போயிருந்தால், ஒரு சங்கதியைக் கட்டாயம் கவனித்திருப்பீர்கள். அந்தப் பதினோரு நாளும் கண்ணைவிடக் காதுக்குத்தான் அங்கே வேலை அதிகம். தமிழில் ஒரு பூசை, மலையாளத்தில் ஒரு பூசை, தெலுங்கில், கொங்கணியில், ஹிந்தியில், மராத்தியில், இங்கிலீஷில் என்று ஒரே மன்றாட்டு பல பாஷைகளில் ஒலித்துக் கொண்டிருக்கும். நடுநடுவே ஒலிபெருக்கி, "பச்சைச் சட்டை போட்ட நான்கு வயதுப் பையன் இங்கே இருக்கிறான். பெற்றோர்கள் உடனே வரவும்" என்று கூப்பிடும். மணலில் உட்கார்ந்திருக்கும் ஆயிரக் கணக்கான ஜனங்களில் ஒருவராவது, "இது யார் குரல்?" என்று கேட்பதுண்டோ? கிடையாது. குழந்தை கிடைத்தால் போதும்!

முகமில்லாத குரலைப் பற்றி நம் சுபாவம் இது. இந்த வாரம் அதைப் பற்றித்தான் உங்களோடு கொஞ்சம் பேசப் போகிறேன்.

கடைத் தெருவில் மெழுகுவர்த்தி விற்கும் பெரியவர் ஒருவர், தாம் சிரமப்பட்டுக் கூவாமல் ஒரு சின்ன ஒலிபெருக்கியைக் கூவ வைத்திருந்தார். கம்பீரமான குரல். எழுத்து ஒவ்வொன்றும் அட்சர சுத்தம்.

"இந்தக் குரல் யாருடையதுங்க, ஐயா?" என்று கேட்டேன்.

"யாரு கண்டா தம்பி? பதிஞ்சு குடுத்தாங்க, வாங்கியாந்தேன். குரலுக்குப் பேரு எதுக்கு?" என்றார் அவர். பிறகு தாமே யோசித்து, "நம்ம முத்துப்பேட்டைக்காரரு ஒருத்தரு இருக்காருல்ல, பாஸ்கரு? அவருகூட மொதல்ல மூஞ்சியே காட்டாம பேசிக்கிட்டுத்தான் இருந்தாராம்ல. இப்ப டில்லியில கூப்பிட்டுப் பரிசு குடுத்தாங்க" என்றார்.

பெரியவர் சொன்னது சரியான செய்தி. வேளாங்கண்ணியிலிருந்து தெற்கே, திருத்துறைப்பூண்டி மார்க்கமாகப் போனால் வருகிற ஊர் முத்துப்பேட்டை. எம். எஸ். பாஸ்கர் என்ற பெயரில் முதல் எழுத்தாக நிற்பது அந்த ஊர்தான்: முத்துப்பேட்டை சோமு பாஸ்கர். சினிமாவில் எத்தனையோ பேர் ஊர்ப் பெயரைக் கழற்றி வைத்துவிட்டுப் பட்டணத்துப் பெயர் ஒன்றைச் சூட்டிக் கொள்கிறார்கள். இவர் ஊரைக் கூடவே அழைத்துக் கொண்டு போனார். 2025-ஆம் வருஷம் ஆகஸ்டு முதல் தேதி 71-ஆவது தேசியத் திரைப்பட விருதுகளை அறிவித்தபோது, சிறந்த துணை நடிகர் என்ற இடத்தில் முத்துப்பேட்டையும் சேர்த்தே வாசிக்கப்பட்டது. படம், 2023-இல் வெளிவந்த 'பார்க்கிங்'.

* * *

பாஸ்கரின் முகத்தை உங்களுக்கு நன்றாகத் தெரியும். வீட்டில் டெலிவிஷன் பெட்டி இருந்தால் தெரியாமலிருக்க வழியே இல்லை. ஆனால் அந்த முகம் உங்களுக்குப் பழக்கமாகும் முன்பே அவருடைய குரல் உங்கள் கூடத்துக்குள் வந்து போயிருக்கும். அதுதான் வேடிக்கை.

1987-இல் விசுவின் 'திருமதி ஒரு வெகுமதி' படத்தில் அவர் சின்ன வேடம் ஒன்றில் தலை காட்டினார். அந்தக் காலத்துச் சின்ன வேடம் எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். கொட்டாவி விட்டால் கோட்டை விட்டு விடுவீர்கள். முகத்துக்கு அழைப்பு வராத அந்த வருஷங்களில் அவருக்குச் சோறு போட்டது குரல். வேற்று மொழிப் படங்கள் தமிழ் பேச வேண்டியிருந்தபோது, திரையில் வாயசைக்கும் நடிகர்களுக்கு இவர் தம் குரலை இரவல் கொடுத்தார். இந்தத் தொழில் அவர் குடும்பத்துக்கே பழகியது. சகோதரி ஹேமமாலினி பல கதாநாயகிகளுக்குக் குரல் கொடுத்தவர். மகள் ஐஸ்வர்யாவும் பின்னணிக் குரல் கலைஞர். மகன் ஆதித்யா பாஸ்கர் மட்டும் 2018-இல் வந்த '96' படத்தில் பள்ளிக்கூடத்து ராமாக முகம் காட்டி நம் எல்லோரையும் கலங்க வைத்தார்.

பிறகு டெலிவிஷன் வந்தது. 'சின்ன பாப்பா பெரிய பாப்பா' தொடரில் இவர் 'பட்டாபி' ஆனார். ஜனங்கள் பாஸ்கர் என்ற பெயரை மறந்து, பட்டாபி என்றே இவரைக் கொண்டாடினார்கள். முன்பு முகம் தெரியாமல் குரல் மட்டும் தெரிந்திருந்தது. இப்போது முகமும் குரலும் தெரிந்து பெயர் மட்டும் தெரியவில்லை! மூன்றும் ஒன்று சேர இன்னும் சில வருஷங்கள் ஆயின.

* * *

குரல் கொடுப்பது என்றால் என்ன? "எதிரில் படம் ஓடும், மைக் முன்னால் நின்று பேச வேண்டியதுதானே? உட்கார்ந்து பேசினாலும் கேட்பார் இல்லை" என்று நினைப்பவர்கள் ஒரே ஒரு சொல்லைச் சோதித்துப் பார்க்கலாம்.

தெலுங்குப் படத்தில் கதாநாயகியின் தகப்பனார், "வத்து!" என்று கத்துகிறார். வேண்டாம் என்று அர்த்தம். நீங்கள் தமிழில் "வேண்டாம்!" என்று பேசினால் என்ன ஆகும்? ஆரம்பம் சரி. இரண்டும் 'வ'வில்தான் தொடங்குகின்றன. முடிவுதான் தகராறு. 'வேண்டாம்' என்று சொல்லி முடிக்கும்போது உதடுகள் இரண்டும் ஒட்டிக் கொள்ளும். கண்ணாடி முன் நின்று சொல்லிப் பாருங்கள். ஆனால் திரையில் இருக்கும் தகப்பனார் வாய் 'து'வில் திறந்து நிற்கிறது. குரல் வாயை மூடி விட்டது, ஆசாமி மூடவில்லை! கொட்டகையில் முன் வரிசைக்காரர்கூட, "இது டப்பிங் படம்டா" என்று கண்டுபிடித்து விடுவார். அதனால் வசனம் எழுதுகிறவர் தலையைச் சொறிந்து கொண்டு, இடத்தைப் பார்த்து, "விடு!" என்று எழுதுவார். 'வ'வில் தொடங்குகிறது, உகரத்தில் முடிகிறது, இரண்டே எழுத்து. வாயசைவு பொருந்தி விட்டது. இனிமேல்தான் குரல் கலைஞரின் வேலை. அந்த ஒரு 'விடு'வில், பெண்ணைப் பெற்றவனின் கோபம், பயம், அடித் தொண்டையில் கொஞ்சம் அழுகை எல்லாவற்றையும் அரை விநாடிக்குள் ஏற்றியாக வேண்டும்.

முன்னாட்களில் பிலிமைத் துண்டு துண்டாக வெட்டி, ஒவ்வொரு துண்டையும் வளையமாக ஒட்டி, திரும்பத் திரும்ப ஓட விடுவார்கள். அதற்கு லூப் என்று பெயர். காட்சியில் நான்கு பேர் பேசினால் நான்கு பேரும் ஒரே மைக்கைச் சுற்றி நிற்பார்கள். மூன்று பேர் சரியாகப் பேசி, நான்காமவர் தடுக்கி விழுந்தால், எல்லோரும் மறுபடியும் முதலிலிருந்து! இப்போது கம்ப்யூட்டர் வந்து விட்டது. ஒவ்வொருவரும் தனித்தனியே வந்து, காதில் ஹெட்போனை மாட்டிக் கொண்டு, தம் பகுதியை மட்டும் பேசிவிட்டுப் போகலாம். சௌகரியம்தான். ஆனால் எதிரில் பதில் சொல்ல ஆள் இல்லை. இருட்டறையில் தனியாக நின்று, இல்லாத மனைவியோடு சண்டை போட வேண்டும். இல்லாத பிள்ளையைக் கட்டிக் கொண்டு அழ வேண்டும்.

வசனம் மட்டுமா? மாடிப்படி ஏறி வருகிறவனின் மூச்சிரைப்பு, சோற்றை வாயில் வைத்துக் கொண்டு பேசும் பேச்சு, குடித்தவனின் குழறல், அடி வாங்கியவனின் முனகல் எல்லாம் உண்டு. சரியாகச் செய்தால் ஒருவருக்கும் தெரியாது. தப்பாகச் செய்தால் மட்டுமே அப்படி ஒருவர் இருப்பது உலகத்துக்குத் தெரியும். இப்படிப்பட்ட உத்தியோகம் வேறு ஏதாவது இருந்தால் எனக்கு எழுதுங்கள். நம் வீட்டுச் சமையலறையில் இருப்பவர்கள், "ஏன், எங்கள் உத்தியோகம் என்னவாம்?" என்று கேட்கக் கூடும். நியாயமான கேள்விதான்!

* * *

முகத்தையும் குரலையும் பிரிக்கும் வித்தை நம் ஊருக்குப் புதிதல்ல. 1938-இல் ஏவி. எம். செட்டியார் எடுத்த 'நந்தகுமார்' படத்தில் திரையில் ஒருவர் நிற்க, பாட்டை லலிதா வெங்கட்ராமன் பாடினார். தமிழில் பின்னணிப் பாட்டு அப்படித்தான் பிறந்தது. 1944-இல் அதே செட்டியார், கன்னடத்தில் எடுத்த 'ஹரிச்சந்திரா'வைத் தமிழ் பேச வைத்தார். ஒரு பாஷையில் எடுத்த படத்துக்கு இன்னொரு பாஷைக் குரலை ஒட்ட வைத்தது இந்தியாவில் அதுதான் முதல் தடவை. பொய் பேசாத மன்னன் கதையை இரவல் குரலில் பேச வைத்தார்கள் என்று அப்போது யாராவது கிண்டல் செய்திருக்கக் கூடும்.

அதற்குப் பிறகு எத்தனை ஜோடிகள்! 1980-களில் கையில் மைக்கைப் பிடித்துக் கொண்டு பாடிப் பாடியே 'மைக்' மோகன் என்று பட்டம் வாங்கியவரைத் தெரியாதவர்கள் உண்டா? அந்த மைக்குக்குள் போனதாக நாம் நம்பிய பாட்டுக் குரல் பெரும்பாலும் எஸ். பி. பாலசுப்ரமணியத்தினுடையது. பேச்சுக் குரல் எஸ். என். சுரேந்தருடையது. 1994-இல் 'காதலன்' படத்தில் பிரபுதேவாவுக்காகப் பேசியவரும், 1996-இல் 'காதல் தேசம்' படத்தில் அப்பாஸுக்காகப் பேசியவரும் ஒரே ஆசாமி. முகத்துக்கு வாய்ப்பு வராமல் காத்துக் கொண்டிருந்த விக்ரம்! 1996-இல் 'இந்தியன்' படத்தில் கிழவரைத் துரத்திய போலீஸ் அதிகாரி நெடுமுடி வேணுவின் தமிழ், நாசருடைய தமிழ்.

வெள்ளைக்காரர்கள் ஊரிலும் இதே கதைதான். லண்டனில் பிறந்த ராபர்ட் ரியெட்டி என்ற நடிகர் (1923–2015) சில்லறை வேடங்களில் வந்து போனவர். ஆனால் 1965-இல் வந்த ஜேம்ஸ் பாண்ட் படமான 'தண்டர்பால்'-இல் ஒற்றைக் கண் வில்லனாக நடித்த இத்தாலிய நடிகருக்குக் குரல் இவருடையது. இரண்டு வருஷம் கழித்து வந்த அடுத்த பாண்ட் படத்தில் ஜப்பானிய உளவுத் துறைத் தலைவருக்கும் குரல் இவருடையதே. உலகமே கொண்டாடிய படங்கள். வில்லனைப் பார்த்து நடுங்கியவர்களில் எத்தனை பேருக்கு ரியெட்டியின் பெயர் தெரிந்திருக்கும்? நம் மெழுகுவர்த்திக் கடைக்காரரின் கேள்வியைத்தான் சீமையிலும் கேட்டிருப்பார்கள். குரலுக்குப் பேர் எதற்கு?

* * *

அடுத்தவர் வாய்க்குப் பேசிப் பேசி ஒரு நடிகன் என்ன கற்றுக் கொள்கிறான்? என் அபிப்பிராயத்தைச் சொல்கிறேன். தன்னைக் குறைத்துக் கொள்ளக் கற்றுக் கொள்கிறான். திரையில் இருப்பவன் எப்போது மூச்சு விடுகிறானோ அப்போதுதான் இவன் மூச்சு விடலாம். அவன் நிறுத்தினால் நிறுத்த வேண்டும். "நான் எவ்வளவு நன்றாகப் பேசுகிறேன் பாருங்கள்!" என்று துருத்திக் கொள்ள அங்கே இடமில்லை. பல வருஷம் இந்தப் பத்தியம் இருந்த குரலுக்கு ஒரு நாள் சொந்த முகம் கிடைத்தால் எப்படி இருக்கும் என்பதற்குப் பாஸ்கரின் மூன்று படங்களைச் சாட்சிக்கு அழைக்கிறேன்.

முதலாவது, 2007-இல் ராதா மோகன் இயக்கிய 'மொழி'. காது கேளாத, வாய் பேசாத பெண்ணின் கதை. அந்தப் படத்தில் பாஸ்கர், பேராசிரியர் ஞானப்பிரகாசம். 1984-இல் பிள்ளையைப் பறிகொடுத்த அதிர்ச்சியில் அவர் மனசுக்குள் கடிகாரம் நின்று விட்டது. 1984-ஆம் வருஷத்துச் செய்திகளை இன்று காலைப் பத்திரிகையில் வந்தவை போல் பேசுகிறார். கேட்பவர்களுக்குச் சிரிப்பு வருகிறது. கவனியுங்கள்: அவர் குரலில் துக்கத்தின் சாயை துளிக்கூடக் கிடையாது. உற்சாகமான, அக்கம்பக்கத்து மாமாவின் குரல். அதனால்தான், கடைசியில் பிள்ளை போன நினைவு திரும்பி அந்தக் குரல் உடையும்போது, சிரித்த நாமெல்லாம் குற்றவாளிகள் மாதிரி உட்கார்ந்திருக்கிறோம். முன்னாலேயே கொஞ்சம் அழுது காட்டியிருந்தால் இந்த அடி விழுந்திருக்காது.

இரண்டாவது, 2017-இல் வந்த '8 தோட்டாக்கள்'. ஸ்ரீகணேஷ் இயக்கியது. இதில் அவர் கிருஷ்ணமூர்த்தி என்ற பழைய போலீஸ்காரர். உத்தியோகமும் உலகமும் கைவிட்ட மனிதர், தப்பு வழியில் இறங்கி விடுகிறார். தம் வாழ்க்கையைத் தாமே சொல்லும் நீண்ட காட்சி ஒன்று உண்டு. சாதாரணமாக இப்படி ஒரு காட்சி கிடைத்தால் நம் நடிகர்கள் விடுவார்களா? தொண்டை நரம்பு புடைக்கக் கொட்டகைக் கூரையைப் பெயர்த்து விடுவார்கள். பாஸ்கர் பக்கத்து வீட்டுக்காரரிடம் பால் கணக்குச் சொல்வது போலச் சொல்லிக் கொண்டு போகிறார். கணக்கு முடியும்போது நம் நெஞ்சில் பாரம் ஏறி விடுகிறது.

மூன்றாவதுதான் 'பார்க்கிங்'. ராம்குமார் பாலகிருஷ்ணன் இயக்கிய முதல் படம். கீழ் வீட்டில் பல வருஷமாகக் குடியிருக்கும் சர்க்கார் உத்தியோகஸ்தர் இளம்பரிதி. நேர்மையானவர். பைசாவை எண்ணி எண்ணிச் செலவழிப்பவர். மாடிக்குக் குடி வருகிற கம்ப்யூட்டர் கம்பெனி இளைஞன் கார் வாங்குகிறான். அதை நிறுத்தும் இடத்தில் பெரியவரின் மோட்டார் சைக்கிள் நிற்கிறது. இவ்வளவுதான் சண்டை! ஒரு கார் நிற்கும் அகலத்துக்காக இரண்டு குடும்பங்கள் எரிகின்றன. இளைஞன் காரை நிறுத்துவதைப் பொறுக்க முடியாமல், கஞ்சப் பிரபுவான பெரியவர் தாமும் ஒரு கார் வாங்கி வந்து விடுகிறார். பாஸ்கர் இந்த மனிதரை ராட்சஸனாக்கவில்லை. அலுவலகத்தில் மரியாதை, வீட்டில் பயம், தெருவில் பிடிவாதம் என்று ஒரே குரலை மூன்று இடத்தில் மூன்று விதமாகப் பேசினார். நம் எல்லோருடைய தெருவிலும் ஓர் இளம்பரிதி உண்டு. சில வீடுகளில் காலைக் காப்பியைக் குடித்துக் கொண்டு இதே பத்தியை வாசித்துக் கொண்டும் இருக்கலாம்.

2025 செப்டம்பர் 23-ந் தேதி டில்லியில், ஜனாதிபதி திரௌபதி முர்முவின் கையால் விருது வழங்கப்பட்டது. மலையாள நடிகர் விஜயராகவனும் பாஸ்கரும் அந்தப் பரிசைப் பகிர்ந்து கொண்டார்கள். 'திருமதி ஒரு வெகுமதி'யிலிருந்து கணக்குப் போட்டால் முப்பத்தெட்டு வருஷம்! துணை நடிகருக்கென்று தேசிய விருது கொடுக்கும் வழக்கமே 1984-ஆம் வருஷத்துப் படங்களிலிருந்துதான் ஆரம்பமாயிற்று. நம்மை வயிறு வலிக்கச் சிரிக்க வைத்த நாகேஷுக்கு அது 1994-இல் வந்த 'நம்மவர்' படத்துக்காகக் கிடைத்தது. 1965-இல் 'திருவிளையாடல்' தருமியைக் கல்யாண வீட்டு ஒலிபெருக்கியில் குரலால் மட்டுமே கேட்டுச் சிரித்த கிராமங்கள் இந்தக் காவேரிக் கரை நெடுக உண்டு. அந்த ஜனங்கள் என்றைக்கோ கொடுத்து விட்ட பரிசு, டில்லிக்குப் போய்ச் சேர முப்பது வருஷம் ஆயிற்று.

முத்துப்பேட்டையில் ஒரு காடு இருக்கிறது. அலையாத்திக் காடு என்று பெயர். ஆறுகள் கடலோடு கலக்கும் உப்புச் சேற்றில், வேரை மேலே நீட்டி மூச்சு வாங்கிக் கொண்டு நிற்கும் மரங்கள். அலையை ஆற்றுவதால் அலையாத்தி. அந்த மரத்தில் மாம்பழம் காய்க்காது. சந்தன வாசனையும் வராது. புயலும் கடலும் சீறும் நாளில்தான் அது ஏன் அங்கே நிற்கிறது என்பது உள்ளே இருக்கும் வயல்களுக்குத் தெரியும். 2018 நவம்பரில் கஜா புயல் அடித்தபோது அந்தக் காடே பெரிய சேதத்தைத் தாங்கிக் கொண்டது. கதாநாயகன் தடுமாறும் காட்சியில் பக்கத்தில் நின்று தாங்கிப் பிடிக்கும் குணச்சித்திர நடிகர்களைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த மரங்கள்தான் ஞாபகத்துக்கு வரும்.

* * *

இதுவரை சந்தோஷமான சமாசாரம். இனிமேல் கொஞ்சம் கவலைப்பட வேண்டிய விஷயம்.

பாஸ்கருக்குக் குரல் முதலில் வந்தது, முகம் பிறகு வந்தது, பெயர் கடைசியில் வந்தது. நாளைக்கு அதே முத்துப்பேட்டையிலிருந்தோ, திருக்குவளையிலிருந்தோ, கீழ்வேளூரிலிருந்தோ நல்ல குரல் ஒன்று புறப்பட்டுப் பட்டணத்துக்குப் போனால் அதற்கு முதல் படி இருக்குமா? இருக்கும் என்று என்னால் அடித்துச் சொல்ல முடியவில்லை. காரணம், செயற்கை நுண்ணறிவு என்று வந்திருக்கும் புது யந்திரம். ஒருவர் பேசிய பேச்சைக் கொஞ்ச நேரம் கேட்டால் போதும். அவர் பேசாததையெல்லாம் அவர் குரலிலேயே பேசிக் காட்டுகிறது.

2024-இல் வந்த 'வேட்டையன்' படத்தை எடுத்துக் கொள்ளுங்கள். அமிதாப் பச்சனின் முதல் தமிழ்ப் படம். முன்னோட்டத்தில் அவருக்குப் பிரகாஷ் ராஜின் குரல் கேட்டது. பிரகாஷ் ராஜ் லேசுப்பட்டவரா? 'இருவர்' படத்துக்காகத் துணை நடிகர் தேசிய விருது வாங்கியவர். ஆனால் ரஸிகர்கள், "இரண்டு முகமும் எங்களுக்குத் தெரியும், ஒட்டவில்லை" என்று முணுமுணுத்தார்கள். படம் வெளியானபோது, யந்திரத்தின் உதவியால் அமிதாப்பின் குரலே தமிழ் பேசிற்று. அதே வருஷம் 'லால் சலாம்' படத்தில், மறைந்து போன பம்பா பாக்யா, சாகுல் ஹமீது இருவர் குரலையும் ஏ. ஆர். ரஹ்மான் யந்திரத்தின் மூலம் பாட வைத்தார். அவர் ஒன்று செய்தார். இரண்டு குடும்பங்களிடமும் அனுமதி கேட்டார், சன்மானமும் கொடுத்தார். மரியாதையான காரியம். 'கோட்' படத்தில் மறைந்த பவதாரிணியின் குரலும் அப்படியே திரும்பி வந்து பாடிற்று. கேட்டவர்கள் கண் கலங்கினார்கள். நானும்தான்.

பெயர் உள்ளவர்களிடம் அனுமதி கேட்கிறார்கள். பெயரில்லாத குரலிடம் யார் கேட்பார்கள்? சீமை நாட்டு நடிகர்கள் இந்தக் கேள்வியை விடவில்லை. 2023-இல் ஹாலிவுட் நடிகர் சங்கம் நான்கு மாதம் போல வேலை நிறுத்தம் செய்ததற்கு இந்த யந்திரமும் ஒரு காரணம். 2024 ஜூலையில் வீடியோ விளையாட்டுகளுக்குக் குரல் கொடுப்பவர்கள் இதே காரணத்துக்காக வேலையை நிறுத்தினார்கள். தீர்வு கிடைக்க ஏறக்குறைய ஒரு வருஷம் ஆயிற்று. "என் குரலை எதற்கு, எத்தனை தடவை உபயோகிப்பாய்? அதற்கு என்ன கொடுப்பாய்?" என்பதுதான் அவர்கள் கேட்டது. ஒரு குடியானவன் தன் ஒரு போக விளைச்சலை விற்கிறான் என்றால், நிலத்தையும் சேர்த்து எழுதிக் கொடுத்து விட்டதாக அர்த்தமா? ஒரு நாள் கூலிக்குப் பேசிய பேச்சை வைத்து ஒருவர் தொண்டையையே காலத்துக்கும் சொந்தமாக்கிக் கொள்வதும் அந்த மாதிரிதான்.

நம் தெருவிலேயே இதற்கு ஒத்திகை நடந்து கொண்டிருக்கிறது. வெங்காய வண்டி வருகிறது, ஊறுகாய் வண்டி வருகிறது, பழைய இரும்பு வாங்கும் வண்டி வருகிறது. பதிந்து வைத்த குரல் ஒன்று மணிக்கணக்காய்க் கூவுகிறது. எந்தப் புண்ணியவானோ, எந்தப் புண்ணியவதியோ ஒரு நாள் பேசியது. அவர்களுக்கு என்ன கிடைத்தது என்று நமக்குத் தெரியாது.

யந்திரத்தின் மீது எனக்குத் தனிப்பட்ட விரோதம் ஒன்றும் இல்லை. குரலை இழந்த நோயாளி ஒருவர் தம் சொந்தக் குரலிலேயே பேரனைக் கூப்பிட அது உதவுமானால், அதற்கு ஒரு மாலை வாங்கிப் போட நான் தயார். ஆனால் நான் முன்னே சொன்ன அந்த 'விடு'வை யோசித்துப் பாருங்கள். அதில் கொஞ்சம் அழுகையைக் கலந்தவர், எங்கோ ஒரு நாள் தம் வீட்டில் அந்த அழுகையைப் பார்த்தவர். பேராசிரியர் ஞானப்பிரகாசத்தின் சிரிப்பைப் பாஸ்கர் எந்த ஊர்த் திண்ணையில் கேட்டாரோ! திண்ணையில் உட்காராத யந்திரத்துக்கு அதைக் கொடுத்தவர்கள் இப்படிப்பட்ட பெயர் தெரியாத பேச்சாளர்கள்தான். அவர்கள் பிழைத்தால்தான் யந்திரத்துக்கும் அடுத்த பாடம் கிடைக்கும்.

சட்டம் செய்கிறவர்கள் சட்டம் செய்யட்டும். சங்கங்கள் ஒப்பந்தம் கேட்கட்டும். நீங்களும் நானும் செய்யக் கூடிய காரியம் ஒன்று இருக்கிறது. செலவில்லாதது. படம் முடிந்தவுடன் கொட்டகையில் விளக்குப் போடுகிறார்கள். நாமெல்லாம் செருப்பைத் தேடுகிறோம், வண்டியை எடுக்க ஓடுகிறோம். அப்போது திரையில் சின்ன எழுத்தில் பெயர்கள் ஏறிக் கொண்டிருக்கும். அவற்றில் 'பின்னணிக் குரல்' என்று ஒரு தலைப்பு வரும். அடுத்த முறை அந்த ஒரு நிமிஷம் மட்டும் உட்கார்ந்து, பெயர்களை வாய்விட்டு வாசியுங்கள். பக்கத்தில் குழந்தைகள் இருந்தால் அவர்களையே வாசிக்கச் சொல்லுங்கள். அவர்களுக்குத் தமிழ் எழுத்துப் பழக்கமும் ஆயிற்று.

வண்டி எடுக்கத் தாமதமாகுமே என்று கவலைப்படாதீர்கள். எல்லோரும் ஒரே சமயத்தில் ஓடினால் வாசலில் நெரிசல்தான் மிச்சம். பார்க்கிங் சண்டை எங்கே கொண்டு போய் விடும் என்பதைத்தான் இளம்பரிதி நமக்குக் காட்டி விட்டாரே!